முதல் நோன்புக்கு முந்திய கஞ்சி

மகனே சாகுல்,

வாப்பாவின் ஸலாம். உம்மாவின் ஸலாமையும் இதிலேயே சேர்த்து எழுதட்டுமா என்று கேட்டேன். உங்களோடதோடு சேர்த்துக் கட்டாதீங்க, என்னோடதை நானே போனில் சொல்லிக்கிடுவேன் என்றுவிட்டாள். ஆகையால் இதில் இருக்கிற நல்லது கெட்டது எல்லாம் முழுக்க என் பொறுப்பு. நேற்று நீ போனில் கேட்டதற்குப் பதில் இது. போனில் சொன்னால் பாதியில் "சரி வாப்பா, சரி வாப்பா" என்று வைத்துவிடுவாய். எழுதினால் கடைசி வரைக்கும் படித்துத்தான் ஆக வேண்டும், ஏனென்றால் பதிலைக் கடைசியில்தான் வைத்திருக்கிறேன். எட்டாம் வகுப்போடு நின்றவன் இவ்வளவு எழுதுகிறானே என்று ஆச்சரியப்படாதே. மளிகைச் சாமான் கட்டி வந்த காகிதத்தைக்கூட விடாமல் படித்து வளர்ந்தவன் நான். படித்து முடித்த பிறகு, உனக்குச் சம்மதமானால் எல்லாரும் பார்க்கும்படி, போனில் நீ படம் போடுகிற உன் பக்கத்திலேயே போட்டுக்கொள். ஊர் உலகம் பார்க்கச் சொன்ன ஒரு பொய்யைப் பற்றித்தான் எழுதப் போகிறேன். அதை உறையில் போட்டு ஒட்டி அனுப்புவதில் அர்த்தமில்லை.

நீ கேட்டதை முதலிலேயே வைத்துவிடுகிறேன், வெளியாட்கள் படித்தாலும் விளங்க வேண்டுமல்லவா. சென்னையில் ஒரு மசாலாப் பொடிக் கம்பெனி உன்னை வைத்து ஏழு சின்னப் படங்கள் எடுக்கிறது. போனில் பார்க்கிற படங்கள், ஒவ்வொன்றும் ஐந்து நிமிஷம். எதிலும் உனக்கு வேஷம் கிடையாது. சாகுலாகவே வருகிறாய், உன் பெயர், உன் ஊர், உன் பேச்சு. நாலாவது படம் என்னைப் பற்றியது. நான் சென்னைக்கு வந்து, அவர்கள் கட்டி வைத்திருக்கிற அடுப்புக்கு முன்னால் நின்று, பொட்டலத்தைப் பிரித்து, "முப்பது வருசமா எங் கைக்கு இந்த மசாலாதான்" என்று சொல்ல வேண்டும். அந்தப் பொடி கடைக்கு வந்ததே போன வருஷம்தானே என்று கேட்டேன். நீ சிரித்தாய். "ஒரே ஒரு வரிதான் வாப்பா. நடிக்கக்கூட வேண்டாம், நீங்க நீங்களாவே வந்து நின்னா போதும்" என்றாய். பிறகு குரலைத் தாழ்த்தி, நாலாவது படம் சரியாக வரவில்லை என்றால் மிச்சத்துக்கு வேறு ஆளைப் பார்த்துக்கொள்ளுவார்கள் என்றும் சொன்னாய். நாலு பேர் ஒரு அறையில் படுத்திருக்கிறீர்கள் என்பது எனக்குத் தெரியும். என்ன சாப்பிட்டாய் என்று உம்மா கேட்கும்போதெல்லாம் நீ பிரியாணி என்கிறாய். கல்யாணச் சமையல் பண்டாரியின் மகன் தினமும் கடைப் பிரியாணி சாப்பிடமாட்டான் என்பது அவளுக்கும் தெரியும். அதனால் இந்தப் பதிலை நான் லேசாகச் சொல்லிவிடவில்லை.

முதலில் ஒன்றை ஒத்துக்கொள்ளுகிறேன். உன் படங்களில் வருவது எனக்குப் பிடித்திருந்தது. கேமராவுக்கு நான் நன்றாக இருப்பேன் என்பது உனக்குத் தெரிவதற்கு முன்னாலேயே எனக்குத் தெரியும். நீ காலேஜ் முடித்து வேலை தேடிக்கொண்டிருந்த காலத்தில், ஈர விறகு எரியாமல் நான் கடைக்காரரை ஏசிக்கொண்டிருந்ததை மறைந்து நின்று எடுத்துப் போட்டாய். அதுதான் ஆரம்பம். எத்தனை பேர் பார்த்தார்களோ, நாங்குநேரி பஸ் நிறுத்தத்தில் முன்னே பின்னே தெரியாத ஒருவர் வந்து, "நீங்க விறகு வாப்பாதானே" என்று தோளில் கை போட்டுப் படம் எடுத்துக்கொண்டார். அன்றைக்கு வீட்டுக்கு வந்து தாடியைக் கண்ணாடியில் பார்த்ததை உம்மா இன்றைக்கும் சொல்லிக் காட்டுகிறாள். அதற்குப் பிறகு நீ மறைந்து நின்று எடுக்கவில்லை. நானே சட்டையை மாற்றிக்கொண்டு வந்து நின்றேன். எங்கே நிற்க, எப்போது திரும்ப என்று நீ சொன்னாய், நான் செய்தேன். நாலைந்து படம் போன பிறகு என்ன பேச வேண்டும் என்பதையும் எழுதிக் கொடுத்தாய். எழுதிக் கொடுத்ததும் என் பேச்சு மாதிரியேதான் இருந்தது, அதில் நீ கெட்டிக்காரன்.

மாஞ்சோலைக்குப் போனது நினைவிருக்கிறதா? ஒரு காலத்தில் தேயிலைத் தோட்டத்து ஜனங்களின் கல்யாணம் ஒன்றுக்கு நான் அங்கே போய் சமைத்தவன். தோட்டத்தை மூடி, ஜனங்கள் சாமான் சட்டியைக் கட்டி மலையை விட்டு இறங்க ஆரம்பித்த நேரம் பார்த்து என்னைப் பஸ்ஸில் ஏற்றிக் கூட்டிப் போனாய். அங்கே ஒரு காலி வீட்டு வாசலில் நிறுத்தி, பழசை நினைத்துக் கண் கலங்குகிற மாதிரி நில்லுங்கள் என்றாய். எனக்கு ஒன்றும் கலங்கவில்லை. அத்தனை வளைவில் பஸ் ஏறி வந்ததில் குடல்தான் கலங்கியிருந்தது. வாயைப் பொத்திக்கொண்டு குனிந்து நின்றேன். நீ எடுத்துப் போட்டாய், பார்த்தவர்களெல்லாம் வாப்பாவின் மனசு எப்படித் தவிக்கிறது பாருங்கள் என்று எழுதினார்கள். நாம் இரண்டு பேரும் அதைப் படித்துப் படித்துச் சிரித்தோம். பக்கத்து வீட்டு வாசலில் அட்டைப்பெட்டி மேல் உட்கார்ந்து நிஜமாகவே அழுதுகொண்டிருந்த ஒரு அம்மா, என்னைப் படம் எடுக்காதே தம்பி என்று உன்னிடம் சொன்னது உனக்கு ஞாபகம் இருக்கிறதோ என்னவோ. எனக்கு அப்போது அது பெரிதாகப் படவில்லை. இப்போது படுகிறது.

இனி கஞ்சிக்கு வருகிறேன். உனக்குத் தெரிந்ததுதான், படிக்கிற மற்றவர்களுக்காகச் சொல்லுகிறேன். நம் பக்கத்து முஸ்லிம் வீடுகளில் கல்யாணத்துக்கு நெய்ச்சோறு ஆக்குகிறவனுக்குப் பண்டாரி என்று பெயர். நான் பண்டாரி. நோன்பு மாதம் முழுக்கப் பள்ளிவாசலில் கஞ்சி காய்ச்சுகிறவனும் நான்தான். மத்தியானத் தொழுகை முடிந்து அடுப்பு மூட்டினால், அஸர் என்கிற சாயங்காலத் தொழுகைக்கு முன்னால் கஞ்சி இறங்கிவிட வேண்டும். அரிசி, பாசிப்பருப்பு, வெந்தயம், பூண்டு, கொத்துக்கறி, கடைசியில் தேங்காய்ப்பால். வீடுகளிலிருந்து தூக்குவாளியோடு வந்து வாங்கிப் போவார்கள். சூரியன் விழுந்து, தொழுகைக்கு அழைக்கிற வாங்கு சொன்னதும் ஊரே அதை வாயில் வைக்கும். அதுவரைக்கும் அதை ருசி பார்க்க ஆள் கிடையாது, காய்ச்சுகிறவனும் நோன்பாளிதானே. உப்பு என் கைப்பிடிக் கணக்கு. பதம் துடுப்பிலிருந்து வழிகிற கணக்கு. மற்றதெல்லாம் மூக்கு. முப்பது வருஷத்தில் நோன்பு நேரத்தில் என் நாக்கில் ஒரு சொட்டுப் பட்டதில்லை. அந்தப் பெருமை எனக்கு உண்டு, மறைத்து என்ன ஆகப் போகிறது.

உப்புக் கணக்கு ஒரே ஒரு வருஷம் தப்பியது. நாங்குநேரிப் பக்கம் ஒரு கல்யாணத்தில் நெய் தெறித்து வலது கை வெந்து கட்டுப் போட்டிருந்தேன். அதற்காகக் கஞ்சியை விட முடியுமா? உப்பை இடது கையால் அள்ளினேன். இடது கைப்பிடியும் வலது கைப்பிடியும் ஒன்றல்ல என்பது எனக்குத் தோன்றவேயில்லை. அன்றைக்கு ஊரே கஞ்சியைக் குடித்துவிட்டுக் குடம் குடமாகத் தண்ணீர் குடித்தது. மறுநாள் பள்ளிவாசல் வாசலில் நின்று வந்தவரிடமெல்லாம் தப்பு நடந்துபோச்சு என்று சொன்னேன். ஒருவரும் கோபப்படவில்லை. "நொட்டாங்கை உப்புவே" என்று நோன்பு முடிகிறவரை கேலி செய்தார்கள், அவ்வளவுதான். கை செய்த தப்பை ஊர் எவ்வளவு சுலபமாக மன்னிக்கும் என்று எனக்கு அன்றைக்கே தெரியும். அந்தத் தெம்பில்தானோ என்னவோ, வாயைப் பற்றி நான் கவலைப்படாமல் இருந்துவிட்டேன்.

போன வருஷம் நோன்புக்கு எட்டு நாள் இருந்தது. பிறைகூடத் தெரியவில்லை. முதல் நோன்பன்று சாயங்காலமே படம் வெளியே வர வேண்டும், அன்றைக்கு எடுத்து அன்றைக்கே வெட்டி ஒட்ட நேரம் காணாது என்றாய். நியாயமாகத்தான் பட்டது. பள்ளிவாசல் பின்கட்டில் பெரிய தேக்சாவை அடுப்பில் ஏற்றி, அதன் அடியில் ஒரு படி அரிசியை மட்டும் போட்டுக் காய்ச்சினேன். பாத்திரத்தின் ஆழம் கேமராவுக்குத் தெரியாது என்றாய். துடுப்பைக் கிண்டியபடி நீ எழுதிக் கொடுத்ததைச் சொன்னேன்: "இன்னைக்கு முத நோன்பு. அஸர் ஆவப் போவுது. கஞ்சி எறங்கிட்டு." பார்க்கிறவர்களுக்கு ஒரு முடிவு வேண்டும் வாப்பா, ஒரு வாய் ருசி பார்த்துத் தலையாட்டுங்கள் என்றாய். உள்ளங்கையில் கொஞ்சம் விட்டு நக்கினேன், விழுங்கினேன், கண்ணை மூடித் தலையாட்டினேன். நீ சின்ன வயசிலிருந்து நோன்பு பிடிக்கிறவன். நான் ஐம்பது வருஷமாகப் பிடிக்கிறவன். இரண்டு பேருக்கும் உறைக்கவில்லை. காரணம் வேறொன்றுமில்லை, மத்தியானம் உம்மா வைத்த மீன் குழம்பை ஒரு கை பார்த்துவிட்டு வந்திருந்தோம். அதற்குப் பிறகு ஒரு வாரம் அதை உன் முன்னால் வைத்து வெட்டினாய், ஒட்டினாய், பாட்டுச் சேர்த்தாய். அப்போதும் உறைக்கவில்லை.

கண்டுபிடித்தவள் உன் உம்மாதான். முதல் நோன்பு திறந்து, நாம் ஆளுக்கொரு வடையோடு உட்கார்ந்திருந்தபோது, அவள் போனைப் பார்த்துவிட்டு என்னைப் பார்த்தாள்.

"முழுங்குனீங்க."

"என்னத்த?"

"கஞ்சியத்தான். தொண்ட ஏறி எறங்குது பாருங்க. நோன்போட முழுங்குனீங்க."

அது எட்டு நாளைக்கு முந்தி எடுத்ததுதானே, அன்றைக்கு ஏது நோன்பு என்றேன்.

"அப்ப இன்னைக்கு முத நோன்புன்னு சொல்லுதீங்களே, அது?"

அவள் சத்தம் போடவில்லை. கேட்டுவிட்டு வடைத் தட்டை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டாள். நோன்போடு கஞ்சி குடித்தவன், இல்லையென்றால் தன் பெயரைச் சொல்லிப் பொய் சொன்னவன். இரண்டில் ஒன்றாக நான் இருந்தே ஆக வேண்டும், மூன்றாவது வழி கிடையாது.

மறுநாள் கஞ்சிக்கு வந்தவர்கள் குறைவு. வழக்கமாக வழித்து எடுக்கிற தேக்சாவில் கால்வாசி நின்றது. என் தொண்டையை ஊரே நிறுத்தி நிறுத்திப் பார்த்திருக்கிறது. இமாமை நாம் அசரத்து என்போம், அவர் நல்ல மனுஷர், என்னிடம் ஒன்றும் கேட்காமலே வழி சொன்னார். சமைக்கிறவன் தேவைக்கு நாக்கு நுனியில் வைத்துத் துப்பினால் நோன்பு முறியாது, நான் ஜனங்களுக்கு எடுத்துச் சொல்லுகிறேன், நீங்கள் கவலைப்படாதீர்கள் என்றார். நான் துப்பியதாகவே எடுத்துக்கொண்டார். நான் இல்லையென்று சொல்லவில்லை. வீட்டுக்கு வந்து உன்னிடம் சொன்னபோது நீ கும்பிடாத குறையாகக் கேட்டாய்: அசரத்து சொன்னதே இருக்கட்டும் வாப்பா, முன்னாலேயே எடுத்தது என்று வெளியே தெரிந்தால் நான் இதுவரைக்கும் போட்ட எல்லாப் படத்தையும் பொய் என்பார்கள், இனிமேல் யாரும் என்னைக் கூப்பிடமாட்டார்கள். நான் சரியென்றேன். உனக்காகத்தான் சரியென்றேன் என்று அன்றைக்கு நினைத்துக்கொண்டேன். இப்போது யோசித்தால் பாதி உனக்காக, பாதி எனக்காக. விறகு வாப்பா பொய் சொன்னான் என்பதைவிட நாக்கு நுனியில் தொட்டுத் துப்பினான் என்பது கேட்க நன்றாகத்தான் இருந்தது. அசரத்து சொன்ன பிறகு கூட்டம் மெல்லத் திரும்பி வந்தது. அப்படி வாயை மூடிக்கொண்டு இருந்த நாலு நாளை நினைத்துத்தான் இன்றைக்கும் எனக்கு வெட்கம்.

செய்யது மாமுவைப் பற்றி இங்கே சொல்ல வேண்டும். என் உம்மாவின் தம்பி, எண்பது தாண்டியவர். வயசுக் காலத்தில் சைக்கிளில் ஜவுளி மூட்டையைக் கட்டிக்கொண்டு ஆற்றங்கரை ஊரெல்லாம் சுற்றி ஏரல் வரைக்கும் விற்றவர். சாயம் போகிற துணியைப் போகும் என்று சொல்லியே விற்பார். அதனாலேயே பெரிதாக ஒன்றும் சம்பாதிக்கவில்லை, அதனாலேயே அந்த ஊர்ப் பெண்கள் அவர் வருகிற வரைக்கும் வேறு ஆளிடம் வாங்காமல் காத்திருந்தார்கள். முப்பது வருஷமாக என் கஞ்சிக்கு முதல் வாளி அவருடையதுதான். ஐந்தாம் நோன்பு, அஸருக்குக் கொஞ்சம் முன்னால், பள்ளிவாசல் ஹவுலைச் சுற்றி உட்கார்ந்து ஆட்கள் தொழுகைக்குக் கை கால் முகம் கழுவிக்கொண்டிருந்தார்கள். தண்ணீர்த் தொட்டிக்கு இந்தப் பக்கம் சுவர், சுவருக்கு இந்தப் பக்கம் நான், துடுப்போடு. அங்கே ஒருவர், அசரத்து என்ன சொன்னாலும் பண்டாரி துப்பின மாதிரித் தெரியவில்லையே என்று பேச்சை எடுத்தார். இன்னொருவர் ஆமாம் என்றார். அப்போது மாமுவின் குரல் கேட்டது.

"ஏலே, எம் மருமவன் துப்புனான். நான் அங்கனதான் நின்னேன். எங் கண்ணால பாத்தேன்."

எட்டிப் பார்த்தேன். தண்ணீர் சொட்டுகிற கையை நெஞ்சில் வைத்திருந்தார். மாமு சொன்ன பிறகு பேச என்ன இருக்கிறது? அந்த மனுஷர் அன்றைக்கு அங்கே நிற்கவே இல்லை சாகுல். நாம் அதை எடுத்த அன்றைக்கு அவர் ஏரலில் மகள் வீட்டில் இருந்தார். நோன்போடு, தொழுகைக்குக் கழுவிய கையோடு, வாழ்க்கையில் முதல் தடவையாகப் பொய் சொல்லுகிறார், அதுவும் எனக்காக. எனக்கு அழுகை வந்தது. மாஞ்சோலையில் வராத அழுகை. துடுப்பை விட்டுவிட்டுச் சுவரில் சாய்ந்து நின்றேன், அன்றைக்குக் கஞ்சி அடிப்பிடித்தது.

மறுநாள் வெள்ளிக்கிழமை. ஜும்மா முடிந்ததும் அசரத்திடம் இரண்டு வார்த்தை பேச அனுமதி கேட்டு எழுந்தேன். கேமரா இல்லாத இடத்தில் அத்தனை முகத்துக்கு முன்னால் நிற்பது எனக்குப் புதிதாக இருந்தது. "அந்தப் படம் நோன்புக்கு எட்டு நாளைக்கு முந்தி எடுத்தது. நான் நோன்ப முறிக்கல. முத நோன்புன்னு சொன்னது பொய். அசரத்து எனக்காவச் சொன்னதுல நான் ஒளிஞ்சுக்கிட்டேன். மன்னிச்சிருங்க" என்றேன். உட்கார்ந்துவிட்டேன். நான் எதிர்பார்த்தது, எல்லாரும் என்னைப் பார்ப்பார்கள் என்று. ஒருவரும் என்னைப் பார்க்கவில்லை. எல்லாத் தலையும் மாமு பக்கம் திரும்பியது. கண்ணால் பார்த்தேன் என்று சொன்னவர் அவரல்லவா. அவர் பைய எழுந்து, யாரையும் பார்க்காமல், செருப்பைக் கையிலேயே எடுத்துக்கொண்டு வெளியே போனார். அதை நான் யோசிக்கவேயில்லை. உண்மையைச் சொல்லிவிட வேண்டும் என்கிற அவசரத்தில் முதலில் அவர் வீட்டுக்குப் போய் அவரிடம் சொல்லத் தோன்றவில்லை. உன்னிடமும் சொல்லவில்லை. உண்மை சொல்லுவதிலும் ஒரு முறை இருக்கிறது, அதனால் யாருக்கெல்லாம் அடி விழுமோ அவர்களை ஒதுங்கச் சொல்லிவிட்டுத்தான் சொல்ல வேண்டும். அது நான் செய்த இரண்டாவது தப்பு. அதற்கு உன்னிடம் நான் மன்னிப்புக் கேட்டதில்லை, இப்போது கேட்கிறேன்.

கஞ்சி வேலையிலிருந்து என்னை நிறுத்த வேண்டும் என்று இரண்டு பேர் பேசினார்கள். ஜமாஅத்தில் மற்றவர்கள் வேண்டாம் என்றார்கள். வேறு யாருக்கும் அந்தத் தேக்சாவோடு பழக்கமில்லை என்பதும் ஒரு காரணம், அதையும் சொல்லிவிடுகிறேன். மாமு அடுத்த நாளும் வந்தார், முதல் ஆளாகத்தான் வந்தார். வாளியை நீட்டிவிட்டுச் சுவரைப் பார்த்துக்கொண்டு நின்றார். முப்பதாம் நோன்பு வரைக்கும் அப்படியே. பெருநாள் தொழுகை முடிந்து நேராக அவர் வீட்டுக்குப் போனேன். வாசலிலேயே நின்றேன். அவர் எழுந்து வாசல் வரைக்கும் வந்தார்.

"எண்பது வருசமாச் சேத்து வச்சிருந்தேம்லே. ஒனக்காவக் குடுத்துட்டேன். போட்டும். இன்னொரு தடவ குடுக்க எங்கிட்ட இல்ல. வா, வந்து இரு."

உள்ளே போய் உட்கார்ந்தேன். வட்டிலாப்பம் கொடுத்தார்கள். வேறு பேச்சுப் பேசினோம்.

நீ என்னோடு மூன்று நாள் பேசவில்லை. "என்னக் கேக்காம எப்படி வாப்பா எந்திரிச்சீங்க" என்று ஒரு தடவை கேட்டாய், அவ்வளவுதான். உன் பக்கத்தில் வந்து ஏசினவர்களை நீ ஒவ்வொன்றாகப் படித்துக்கொண்டிருந்ததை நான் பார்த்தேன். அந்த மூன்று நாளில் என் மகனின் பிழைப்பில் நானே மண்ணைப் போட்டுவிட்டேனோ என்று தோன்றியது. நாலாம் நாள் நம் வீட்டு மாடிப்படியில் உட்கார்ந்து நீயே உன்னை எடுத்துப் போட்டாய். பாட்டு இல்லை, வெட்டு ஒட்டு இல்லை, முகத்தைக்கூடக் கழுவவில்லை. "வாப்பா சொன்னது சரி. எழுதிக் குடுத்தது நான். ருசி பாக்கச் சொன்னதும் நான்." முடிந்தது. ஒரு நிமிஷம்கூட வராது. நான் அதை எத்தனை தடவை பார்த்திருப்பேன் என்று சொன்னால் நீ நம்பமாட்டாய். உம்மாவுக்குத் தெரியாமல் பார்ப்பேன். அவளும் எனக்குத் தெரியாமல் பார்க்கிறாள், சத்தத்தைக் குறைக்க அவளுக்குத் தெரியவில்லை, அதனால் எனக்குத் தெரியும். உன்னைப் பற்றி எனக்கு இருக்கிற கவலையெல்லாம் அந்தப் படத்தோடு போய்விட்டது. அந்தப் படத்தைப் பார்த்துத்தான் மசாலாக் கம்பெனிக்காரர் உன்னைக் கூப்பிட்டதாக நீயே சொன்னாய், உன் முகத்தைப் பார்த்தால் நம்பலாம் போல இருக்கிறது என்றாராம். அவர் சொன்னது சரி. அந்த முகத்தை எதற்குக் கேட்கிறார் என்பதைத்தான் நீ கொஞ்சம் பார்க்க வேண்டும்.

இனிமேல் பதில். நான் நானாக வந்து அந்த வரியைச் சொல்லமாட்டேன். இதைக் கோபமாகச் சொல்லவில்லை, பொடியைப் பற்றியும் எனக்கு விரோதமில்லை. நீ பார்சலில் அனுப்பிய பொட்டலத்தை உம்மா நேற்றே பிரித்து மீன் குழம்பு வைத்துவிட்டாள். மல்லி கொஞ்சம் தூக்கல், மற்றபடி மோசமில்லை, இரண்டாம் தடவை சோறு போட்டுக்கொண்டேன். "நேத்துதான் மொத தடவயாப் போட்டோம், மோசமில்ல" என்று சொல்லச் சொன்னால் சந்தோஷமாக வந்து சொல்லுகிறேன், துடுப்பைக்கூட எடுத்து வருகிறேன். அப்படிச் சொன்னால் ஜனங்கள் வாங்குவார்களா என்று உன் கம்பெனிக்காரர் கேட்பார். சாயம் போகும் என்று சொல்லி விற்றவருக்காக ஏரல் வரைக்கும் பெண்கள் காத்திருந்த கதையை அவரிடம் சொல்லிப் பார். கேட்டால் கேட்கட்டும்.

கேட்கவில்லை என்றாலும் உன்னை நட்டாற்றில் விடமாட்டேன். வேஷம் கொடு. எந்த வேஷம் என்றாலும் கட்டுகிறேன், திருடன், போலீஸ், மாப்பிள்ளைக்குக் கடிகாரம் போடாமல் ஏமாற்றுகிற மாமனார், எது வேண்டுமானாலும். மாரியப்பன் என்று பெயர் வை. தாடியை எடுக்கமாட்டேன், தாடி வைத்த மாரியப்பனாக இருக்கட்டும். அந்த மாரியப்பன் முப்பது வருஷமாக அந்தப் பொடியைப் போடட்டும், மூன்று வேளையும் போடட்டும், வாய் வலிக்கப் பொய் சொல்லட்டும். அவனை யாருக்கும் தெரியாது. அவனுக்காக யாரும் தொட்டி ஓரத்தில் நின்று பேசமாட்டார்கள்.

ஏனென்றால், என் பெயரைப் போட்டு அந்தப் படம் வந்தால் அடுத்த நாள் என்ன நடக்கும் என்பது எனக்கு இப்போதே தெரியும். அஸருக்கு முன்னால் ஹவுலைச் சுற்றி உட்கார்ந்து கை கால் கழுவும்போது யாராவது ஒருவர், அந்தப் பொடி போன வருஷம் வந்ததுதானே, பண்டாரி முப்பது வருஷம் என்கிறானே என்பார். செய்யது மாமுவுக்கு இப்போது காது சரியாகக் கேட்பதில்லை. ஆனால் என் பெயர் அடிபட்டால் மட்டும் எப்படியோ கேட்டுவிடும். இன்னொரு தடவை கொடுக்க என்னிடம் இல்லை என்று சொன்ன மனுஷர் ஈரக் கையோடு எழுந்து நின்று, முப்பது வருசமாப் போடுதான்லே, எங் கண்ணால பாத்தேன் என்பார்.

நேரத்துக்குச் சாப்பிடு. வெள்ளிக்கிழமை ராத்திரி ரயிலுக்கு உம்மா இப்போதே என் பையை எடுத்து வைத்துவிட்டாள். ஏறுவது மாரியப்பனா, நானா என்று மட்டும் சொல்.

உன் வாப்பா